ஹொகுசாயின் அலையா, ஹிரோஷிகேயின் மழையா?

ஜப்பானிய மரக்கட்டை அச்சு நிலக்காட்சிகளைப் பார்க்கத் தொடங்குபவருக்கு முன்னால் இரண்டு வாசல்கள் உண்டு. ஒன்று ஹொகுசாய் (1760–1849), மற்றொன்று ஹிரோஷிகே (1797–1858).

ஹொகுசாய் எழுபது வயதை ஒட்டி ஃபூஜி மலை வரிசையை வரைந்தார். தலைப்பில் முப்பத்தாறு காட்சிகள். வரவேற்பு கூடியதால் மொத்தம் 46 ஆனது. அவற்றில் ஒன்றான ‘கனகாவா பேரலை’ படத்தில் மலையே சிறுத்துவிடுகிறது. கண்ணை இழுப்பது, நகம் விரித்தாற்போல் வளைந்த நுரையும் மூன்று படகுகளில் குனிந்திருக்கும் மனிதர்களும்தான். 1905இல் பிரெஞ்சு இசையமைப்பாளர் தெபுஸ்ஸி தம் ‘கடல்’ இசைநூலின் அட்டைக்கு இந்த அலையைத்தான் கேட்டு வாங்கினார்.

ஹிரோஷிகே ஆர்ப்பரிப்பதில்லை. அவருடைய ‘ஓஹாஷி பாலத்துத் திடீர் மழை’ படத்தை நெருங்கிப் பாருங்கள். மழைக்கோடுகளை இரண்டு பலகைகளில், சற்றே மாறுபட்ட சாய்வுகளில் செதுக்கி ஒன்றன்மேல் ஒன்றாக அச்சிட்டிருக்கிறார்கள். செதுக்கியவரின் கை எவ்வளவு நிதானமாக இருந்திருக்க வேண்டும்! மேலே கருமேகம் படிப்படியாகக் கரைவது, பலகையில் மையை ஈரத்தோடு துடைத்துக் கொண்டுவந்த சாயல். 1887இல் டச்சு ஓவியர் வான்கோ இந்தப் படத்தை எண்ணெய் வண்ணத்தில் தீட்டிப் பழகினார்.

வடிவத்தின் துணிச்சலில் ஹொகுசாய்க்கு நிகரில்லை. ஆனால் வானிலையை, நேரத்தை, வழிப்போக்கரின் அவசரத்தைக் காகிதத்தில் உணர வைப்பவர் ஹிரோஷிகேதான். என்னைக் கேட்டால், அவரிடமிருந்தே தொடங்கச் சொல்வேன்.