ஜிடிஎஃபா லீப்பா: கப்பலூர் பட்டறைல இருந்து ஒரு எஞ்சின் கணக்கு

எனக்குத் தொழில் மதுரை பக்கம் கப்பலூர் சிட்கோ தொழிற்பேட்டைல லாரி எஞ்சின் ரீபோர் பண்றது. பெருங்குடி ஏர்போர்ட்டு பக்கம்ங்கறதால பிளைட்டு எறங்குற சத்தம் கேட்டா கை தானா ஸ்பேனர கீழ வச்சிரும், எந்த எஞ்சின்னு பாக்காமலே சொல்லணும்னு ஒரு கிறுக்கு. இண்டிகோகிட்ட இருக்க ஏர்பஸ் கம்பெனியோட ஏ320 நியோ பிளேன்ல ரெண்டு வகை எஞ்சினும் இருக்கு, ஒண்ணு பிராட் அண்ட் விட்னியோட ஜிடிஎஃப், இன்னொண்ணு சிஎஃப்எம் கம்பெனியோட லீப்-1ஏ. அந்த சிஎஃப்எம், அமெரிக்காக்காரன் ஜிஇயும் பிரான்ஸ்காரன் சாஃப்ரானும் பாதிப் பாதி போட்டு நடத்துறது. ஏர்பஸ் பிளேன விக்கும், எஞ்சின் எதுன்னு வாங்குறவன் தனியா பேரம் பேசி முடிக்கணும். போயிங் 737 மேக்ஸ் எடுத்தா அந்தப் பேச்சே கிடையாது, லீப்-1பி மட்டுந்தான். அதனால இந்தியால நிஜமான போட்டி ஏ320 நியோலதான்.

வேலை செய்யுற விதத்த சொல்லிட்டு காசுக்கு வந்துர்றேன். ஜிடிஎஃப்ல முன்னாடி இருக்க பெரிய ஃபேனுக்கும் பின்னாடி டர்பைனுக்கும் நடுவுல ஒரு கியர் பெட்டி, டர்பைன் மூணு சுத்து சுத்துனா ஃபேன் ஒரு சுத்து, அதனால ரெண்டும் அததுக்குத் தோதான வேகத்துல ஓடும். லீப்ல கியர் கிடையாது, உள்ள சூட்டக் கூட்டி அதத் தாங்குற செராமிக் பாகத்தப் போட்டு, கார்பன் ஃபைபர் ஃபேன வச்சு அதே எரிபொருள் மிச்சத்தப் புடிச்சாய்ங்க. பழைய எஞ்சினவிட எண்ணெய் சுமார் 15 சதவீதம் கம்மின்னு ரெண்டு பேரும் சொல்றது, அதனால எண்ணெய வச்சு ஜெயிச்சவன் தோத்தவன் சொல்ல முடியாது.

காசுலதான் வித்தியாசமே. 2019 ஜூன்ல இண்டிகோ 280 பிளேனுக்கு லீப் எடுத்துச்சு, லிஸ்ட் வில 2,000 கோடி டாலருக்கு மேல. 280 பிளேனுக்கு 560 எஞ்சின், வகுத்துப் பாருங்க, ஒரு எஞ்சின் மூணரைக் கோடி டாலர் தாண்டுது. ஆனா அந்த எஞ்சினோட லிஸ்ட் வில அப்ப ஒன்றரைக் கோடி டாலர் பக்கம்தான், அதுலயும் இந்த மாதிரி மொத்தமா வாங்குறவனுக்கு நல்லா தள்ளுபடி உண்டு. அப்ப மிச்சக் காசு எங்க போச்சுன்னா ஸ்பேர் எஞ்சின், வருஷக்கணக்குல ஓவர்ஹால், எல்லாம் சேந்து ஒரே ஒப்பந்தம். எஞ்சின கொறஞ்ச லாபத்துல தள்ளிட்டு பார்ட்ஸுலயும் சர்வீஸுலயும் சம்பாதிக்கிற வியாபாரம் இது. நம்ம பட்டறைலயும் கூலி போக லைனர், பிஸ்டன்னு பார்ட்ஸ்ல வர்ற காசு தனி.

அப்ப இண்டிகோ ஏன் மாறுச்சு? 2016 மார்ச்சுல நாட்டோட மொத நியோவ ஜிடிஎஃப்போட எறக்குனதே இவய்ங்கதான். அதுக்கப்புறம் ஸ்டார்ட் ஆக நேரம் எடுக்குது, சீல் போச்சு, டர்பைன் பிளேடு போச்சுன்னு ஒண்ணு மாத்தி ஒண்ணு, 2019ல விமானத்துறையக் கண்காணிக்கிற டிஜிசிஏவே திருத்தம் பண்ணாத எஞ்சின எல்லாம் கழட்டச் சொல்லி கெடு வச்சாய்ங்க. எல்லாரும் பயந்த அந்த கியர் பெட்டி மட்டும் ஒழுங்கா ஓடுச்சு, அதுதான் வேடிக்கை. 2021ல இன்னும் 310 பிளேனுக்கு, அதாவது 620 எஞ்சின், மறுபடியும் லீப்புதான்.

கோ ஃபர்ஸ்ட்னு இன்னொரு ஏர்லைன், அது வச்சிருந்த நியோ பூராவும் ஜிடிஎஃப். 2023 மே 2ம் தேதி திவால் மனு போட்டுச்சு, பாதிப் பிளேன் எஞ்சின் இல்லாம நிக்குதுன்னு பிராட் மேல பழி, கோ ஃபர்ஸ்ட்டு ரொம்ப நாளா பணம் பாக்கின்னு பிராட் பதிலுக்கு. என்ன கேட்டா ரெண்டுமே உண்மையா இருக்கலாம். அதே ஜூலைல பிராட்டே ஒத்துக்கிட்டாய்ங்க, 2015 கடைசில இருந்து 2021 வரைக்கும் எஞ்சினுக்குள்ள சுத்துறதுக்குச் செஞ்ச டிஸ்க்குல போட்ட உலோகப் பொடில கலப்படம் ஏறிருச்சு, விரிசல் விடலாம், கழட்டிப் பாக்கணும்னு. ஒரு எஞ்சின் ஓவர்ஹால் கடைக்குள்ள போனா வெளிய வர 250, 300 நாளு. 2024 தொடக்கத்துல இண்டிகோக்கு 70 பிளேனுக்கு மேல தரையில. வாடக கட்டணும், பறக்க முடியாது.

இங்கதான் விலையே தலகீழா ஆச்சு. ஸ்பேர் எஞ்சின் கெடைக்காம அதோட வாடக ஏறி, ஆறேழு வருஷமே பறந்த நியோவ பிரிச்சு எஞ்சின தனியா வாடகைக்கு விட்டா லாபம்னு வெளிநாட்டுல பிளேன ஒடைக்கிற அளவுக்குப் போயிருச்சு. புதுசு வாங்கப் பல வருஷம் க்யூங்கறதால நியோக்கு முந்துன ஏ320ல வர்ற பழைய சிஎஃப்எம்56, வி2500 எஞ்சினுக்கும் திடீர் மவுசு.

லீப்பும் ஒண்ணும் புனிதம் இல்ல. சூடும் தூசியும் உள்ள ஊர்ல டர்பைன் பிளேடு சீக்கிரம் தேயுது, எண்ணெய் தெளிக்கிற நாசில்ல கரி புடிக்குது, இந்தியா எப்படிப்பட்ட ஊருன்னு நான் சொல்லணுமா, சித்திர மாசம் வந்து பாருங்க. பிளேடுக்கு மாத்து கிட் 2024 டிசம்பர்லதான் சர்டிஃபிகேட் வாங்குச்சு. ஆனாலும் மொதத் தடவ ரிப்பேருக்குக் கழட்டுறதுக்கு முன்னாடி லீப் ஜிடிஎஃப்ப விட அதிக நாள் ஓடுச்சு, அதுக்குள்ள சம்பாதிச்சுக்கலாம். இன்னொண்ணு, 2025 நவம்பர்ல ஹைதராபாத்துல சாஃப்ரான் லீப் ஓவர்ஹால் கடைய தொறந்தாச்சு, 2035க்குள்ள வருஷம் 300 எஞ்சின் பாப்போம்னு சொல்லிருக்காய்ங்க. வெளிநாட்டுக்கு அனுப்புற செலவும் நாளும் மிச்சம்னா என் ஓட்டு அங்கிட்டுதான் சாயும்.

வரி விஷயம் என் மாப்ள சொல்லித்தான் தெரியும், சம்சாரத்தோட தம்பி, சென்னைல கிளியரிங் ஏஜென்ட்டுகிட்ட வேல. "மாமா, முன்னாடி ஒரே எஞ்சின் பார்ட்டு எந்த வரி கோடுல வருதுங்கறதப் பொறுத்து, வெளிநாட்டுல இருந்து எறக்குறப்ப போடுற ஐஜிஎஸ்டி 5ல இருந்து 28 சதவீதம் வரைக்கும் மாறும், 2024 ஜூலை 15ல இருந்து எல்லாம் 5தான்"னான். 2020ல ரிப்பேர் வேலைக்கும் ஜிஎஸ்டி 18ல இருந்து 5 ஆச்சு. அதெல்லாம் சரிடா, டாலர் என்னாச்சுன்னு கேட்டேன். 2016ல 67 ரூபா பக்கம் இருந்தது 2025 டிசம்பர்ல 90 தாண்டுச்சு. எஞ்சின், பார்ட்ஸ், வாடக எல்லாமே டாலர்ல, டிக்கெட் மட்டும் ரூபால. வரில கொறச்சது எங்க போச்சுன்னு பாத்துக்கங்க.

நான் ஏர்லைன் நடத்துனா இப்பத்திக்கு லீப்புதான் எடுப்பேன். ஜிடிஎஃப் அட்வான்டேஜ்னு புது மாடல் வந்துருக்கு, அது வேணும்னா பத்து பிளேனுக்கு எத்தன ஸ்பேர் எஞ்சின் இந்தியாலயே நிக்கும், கழட்டுன எஞ்சின் எத்தன நாள்ல திரும்ப வரும், லேட்டானா தெனசரி எவ்வளவு தருவன்னு பேப்பர்ல எழுதி வாங்கிட்டுத்தான் அட்வான்ஸ் குடுப்பேன். மாப்ள கிட்ட சொன்னா சிரிக்கிறான். "மாமா, நம்ம ஊருக்கு சென்னைல இருந்து வர்ற ஏடிஆர், அந்தச் சின்ன பிளேன்ல இருக்கிறதும் பிராட் கம்பெனிதான், கனடால செய்யுற பிடபிள்யூ127, அத பத்தி ஒருத்தனும் வாயத் தொறக்கல பாத்தீங்களா"ன்னான். நெசந்தான், ரெண்டு வருஷமா அந்தச் சத்தம் கேட்டு நான் ஒரு தடவகூட ஸ்பேனர கீழ வச்சதில்ல.