முதலில் எதை வாசிப்பது: லெ கொர்பூசியேயா, அலெக்சாண்டரா?

கட்டடக்கலையை அறிய விரும்புவோருக்கு நான் பரிந்துரைக்கும் இரு நூல்கள் ஒன்றுக்கொன்று நேர் எதிரானவை. 1923இல் வெளிவந்த, கட்டடக்கலைஞர் லெ கொர்பூசியேயின் ‘வேர் யூன் ஆர்ஷிடெக்தூர்’ (‘ஒரு கட்டடக்கலையை நோக்கி’) என்ற பிரெஞ்சு நூல், பார்த்தெனான் கோயிலின் படத்தையும் மோட்டார் காரின் படத்தையும் அருகருகே வைத்து, வீடு என்பது வாழ்வதற்கான இயந்திரம் என்று அறிவிக்கிறது. பின்னாளில் சண்டிகர் நகரைத் திட்டமிட்ட அவரது சிந்தனை எப்படி இயங்கியது என்பதை அதில் காணலாம். ஆனால் அந்த வீட்டில் குடியிருக்கப்போகிறவரின் குரல் அரிதாகவே கேட்கிறது.

கட்டடக்கலைஞர் கிறிஸ்டோபர் அலெக்சாண்டரும் சகாக்களும் 1977இல் வெளியிட்ட ‘எ பேட்டர்ன் லாங்குவேஜ்’ குடியிருப்பவரிடமிருந்தே தொடங்கி, நகர அமைப்பு முதல் சன்னலோர இருக்கை வரை 253 வடிவமைப்பு முறைகளை எண்ணிட்டுத் தருகிறது. இரு பக்கங்களிலிருந்து வெளிச்சம் வரும் அறையையே மக்கள் நாடுகிறார்கள் என்றும், சுவரிலிருந்து வெளிவிளிம்பு வரை ஆறடிக்கும் குறைவாக உள்ள பால்கனியில் யாரும் அதிகம் உட்காருவதில்லை என்றும் அது சொல்வதை நம் வீட்டிலேயே சோதித்துப் பார்க்கலாம். நம் அடுக்குமாடிகளில் குறுகலான பால்கனிகள் துணி உலர்த்தும் இடமாகச் சுருங்கிவிடுவதை நாள்தோறும் காண்கிறோமே! ஆயிரம் பக்கங்களைத் தாண்டிய நூல் என்பதால், தேவையான பகுதியை மட்டும் எடுத்துப் படிப்பதே நல்லது. அதற்கேற்பவே அது அமைக்கப்பட்டுள்ளது.

வீடு கட்டவிருப்பவருக்கு அலெக்சாண்டரையே முதலில் கொடுப்பேன். கட்டடக்கலை மாணவரோ, உடன்பட்டாலும் மறுத்தாலும், லெ கொர்பூசியேயைப் படித்தே ஆக வேண்டும்.