மஹானே யெஹுதா சந்தையில் ஒரு உலர்பழக் கடை

எருசலேம் போனபோது இந்தச் சந்தையில் ஒரு சின்ன உலர்பழக் கடையில் நின்றேன். பேரீச்சம்பழம் மெட்ஜூல் ரகம். கட்டை விரல் அளவு, தோல் மெல்லிசு, கொட்டை தானாகக் கழன்று வரும். கடைக்காரர் "தாமார்" என்று நீட்டியதும் சிரித்துவிட்டேன். நம் வேதாகமத்தில் பெண் பெயராகப் படித்த தாமார் பேரீச்சைதான்!

அவருக்குக் கொஞ்சம் ஆங்கிலம் வந்தது, பேச்சு வளர்ந்தது. பழத்துக்கு எபிரேயத்தில் 'பெரி'. ஆதியாகமத்தின் "பலுகிப் பெருகி"யில் வரும் 'பலுகி'க்கு மூலத்தில் இதே வேர்தான். தன் மகனுக்கு எப்பிராயீம் என்று பெயர் வைத்ததற்கும் யோசேப்பு அதே வேரை வைத்தே காரணம் சொல்கிறான். 127ஆம் சங்கீதத்தின் "கர்ப்பத்தின் கனி"யும் 'பெரி'தான். ஏதேன் தோட்டத்துப் பழமும் வெறும் 'பெரி'. ஆப்பிள் என்று அங்கே எழுதவே இல்லை.

சிலான் என்ற பேரீச்சைப் பாகும் வாங்கினேன். உபாகமம் 8:8இல் வரும் தேன் இதுதான் என்பது யூதர் மரபு. கருப்பட்டிப் பாகு மாதிரி, ஆனால் புகை வாசம் கிடையாது. தோசைக்கு அருமை.

குறை? அத்திப்பழம் சருகு. பாகு பாட்டில் மூடி சரியில்லை, பெட்டியில் இரண்டு சட்டை போச்சு. அப்புறம், வெள்ளிக்கிழமை மதியத்துக்கு மேல் போகாதீர்கள். ஓய்வுநாளுக்காகக் கடைகளைச் சாத்திவிடுவார்கள்.

பேரீச்சைக்கு மட்டும் ஐந்துக்கு ஐந்து.