காலையில் முகூர்த்தம், மாலையில் ரிசப்ஷன்: நடுவில் கிடக்கும் பகலை என்ன செய்வது?

திருநெல்வேலியில் ஒரு ஞாயிற்றுக்கிழமைக் கல்யாணம் என்று வைத்துக்கொள்வோம். முகூர்த்தம் ஏழரையிலிருந்து ஒன்பதுக்குள். ஞாயிறு ராகு காலம் மாலை 4.30 முதல் 6 வரை. ஆறு மணிக்கு முன்னால் மாப்பிள்ளையையும் பெண்ணையும் மேடையேற்றப் பெரியவர்கள் சம்மதிக்க மாட்டார்கள். ஆக, தாலி கட்டி முடித்ததிலிருந்து ரிசப்ஷன் வரை ஒன்பது மணி நேரம் சும்மா கிடக்கிறது. நடுவில் மதியச் சாப்பாடு ஒன்று உண்டு. பதினொன்றரைக்கே முதல் பந்தி உட்கார்ந்துவிடுவதால், அதுவும் ஒரு மணிக்குள் ஓய்ந்துவிடும்.

உள்ளூர்க்காரர்களைப் பற்றிக் கவலையே வேண்டாம். பாளையங்கோட்டைக்காரரும் பேட்டைக்காரரும் சாப்பிட்டு, மொய் எழுதி, தாம்பூலப் பையை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய் ஃபேனுக்கு அடியில் படுத்துவிடுவார்கள். மாட்டிக்கொள்வது இரண்டு கூட்டம்: சென்னை, கோயம்புத்தூர், பெங்களூர் என்று வெளியூரிலிருந்து வந்தவர்கள், அப்புறம் மாப்பிள்ளையும் பெண்ணும். எந்த ஏற்பாட்டைச் செய்தாலும் இவர்களுக்குத் தோதாக இருக்கிறதா என்பதுதான் கேள்வி.

முந்தின நாளே ரிசப்ஷனா?

இடைவெளியே இல்லாமல் செய்துவிடும் வழி இது. மண்டப வாடகை பெரும்பாலும் முந்தின நாள் மதியத்தில் தொடங்கி, கல்யாண நாள் மதியம் இரண்டு மூன்று மணியோடு முடியும். அந்தக் கணக்குக்குள் மாப்பிள்ளை அழைப்பு, ரிசப்ஷன், முகூர்த்தம், சாப்பாடு எல்லாமே அடங்கிவிடும். சனிக்கிழமை வந்த வெளியூர்க்காரர் ஞாயிறு மதியம் சாப்பிட்டுவிட்டு நிம்மதியாக ஊர் திரும்பலாம்.

எதிர்ப்பு இரண்டு பக்கமிருந்து வரும். “தாலி ஏறாம ரெண்டு பேரும் மேடையில சேர்ந்து நிக்கிறதா?” என்று ஆச்சிமார் கேட்பது ஒன்று. இப்போது பல வீடுகளில் இந்தக் குரல் தணிந்துவிட்டது. தணியாத வீட்டில் வாதாடி ஜெயிக்க முடியாது. இன்னொன்று தூக்கம். ராத்திரி பத்தரை வரை மேடையில் நின்ற பெண், காலை ஆறு மணி முகூர்த்தத்துக்கு மூன்றரைக்கெல்லாம் எழுந்து தலைபின்ன உட்கார வேண்டும். முகூர்த்தம் ஒன்பதுக்கு மேல் என்றால் இது பரவாயில்லை. ஆறு–ஏழரை முகூர்த்தத்துக்கு முந்தின ராத்திரி ரிசப்ஷன் வைப்பது பெண்ணுக்குச் செய்யும் அநியாயம். கூட்டமும் இரண்டாகப் பிரியும். ரிசப்ஷனில் மொய் கொடுத்தவர்களில் பாதிப் பேர் காலையில் அட்சதை போட வரமாட்டார்கள்.

விடியற்காலை கோவிலில் கல்யாணம், பத்து மணிக்கு வரவேற்பு

திருச்செந்தூரிலோ, ஊருக்குள்ளேயே இருக்கும் குறுக்குத்துறை முருகன் கோவிலிலோ தாலி கட்டிவிட்டு, திருநெல்வேலி மண்டபத்தில் வரவேற்பை மதியச் சாப்பாட்டோடு முடித்துவிடலாம். திருச்செந்தூர் என்றால் காத்திருப்பு முழுவதும் பயணத்திலேயே கழிந்துவிடும். செலவும் குறைவு. ஆனால் மேடை விளக்கு, ஆர்க்கெஸ்ட்ரா, பட்டுச்சேலை மினுக்கம் எல்லாம் ராத்திரிக்குத்தான் எடுக்கும் என்று பெண் வீட்டில் யாராவது ஒருத்தர் சொல்வார். மறுப்பதற்கில்லை.

பாளையங்கோட்டைத் தேவாலயக் கல்யாணங்களில் இந்தத் தலைவலி குறைவு. ஆராதனை முடிந்ததும் கூட்டம் நேரே மண்டபத்துக்கு வந்துவிடும். ஜோடி போட்டோ எடுத்து வரும் வரை கேக், ஜூஸ் கொடுத்தால் போதும். மேலப்பாளையத்தில் நிக்காஹ் முடிந்த கையோடு சாப்பாட்டுக்கு உட்கார்ந்துவிடுவார்கள்.

சரி, அதே நாள் மாலைதான் என்றால்

இங்கேதான் ஆளுக்கொரு யோசனை கிளம்பும்.

மண்டபத்திலேயே இருக்கச் சொல்வது பார்வைக்கு மலிவு. மாலை ரிசப்ஷன் என்றால் வாடகை இன்னொரு நாளுக்கு ஏறும் என்பதை முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். மேனேஜரிடம் கேட்க வேண்டியது இன்னும் இருக்கிறது: மதியம் ஹாலில் ஏசி ஓடுமா, இல்லை விசேஷ நேரத்துக்கு மட்டுமா? கரண்ட் போனால் ஜெனரேட்டர் டீசல் யார் கணக்கு? ஹாலைக் கழுவி மறுபடி நாற்காலி போடும்போது படுத்திருப்பவர்கள் எங்கே போவார்கள்? மாப்பிள்ளை வீட்டு அறை, பெண் வீட்டு அறை என்று இருப்பதில் பெட்டிகள்தான் படுத்திருக்கும். ஜமுக்காளமும் தலையணையும் வாடகைப் பாத்திரக் கடையில் கிடைக்கும். மூட்டு வலிக்காரர்களுக்கு அது உதவாது. “மயினி, கீழே உக்காந்தா எந்திரிக்க முடியாது, ஒரு கட்டில் இருக்கா?” என்று கேட்கும் பெரியம்மைக்கும், வெஸ்டர்ன் டாய்லெட் தேடும் மாமாவுக்கும் மண்டபம் ஒத்துவராது. இளவட்டங்களுக்கு மட்டும் சரி. அவர்களுக்குச் சீட்டுக்கட்டும் சார்ஜர் போடும் பிளக்கும் இருந்தால் போதும்.

லாட்ஜ் அறை எடுப்பதில் எல்லோரும் வாடகையைத்தான் விசாரிக்கிறார்கள். விசாரிக்க வேண்டியது காலி செய்யும் நேரம். மதியம் 12 மணிக்குக் காலி செய்யச் சொல்லும் இடத்தில் சனிக்கிழமைக்கு மட்டும் அறை போட்டால், அறை மிகவும் தேவைப்படும் நேரத்தில் விருந்தாளி பெட்டியோடு தெருவில் நிற்பார். 24 மணி நேரக் கணக்கு வைக்கும் லாட்ஜில் சனி சாயங்காலம் அறைக்குள் நுழைந்தால், ஞாயிறு சாயங்காலம் வரை கவலையில்லை. அது கிடைக்காவிட்டால் இரண்டு நாளுக்குப் பணம் கட்டி வையுங்கள். எல்லோருக்கும் இரண்டு நாள் அறை போடக் கட்டுப்படியாகாது என்றால், முதியவர்களுக்கும் கைக்குழந்தைக்காரர்களுக்கும் மட்டுமாவது போடுங்கள். அறை ஜங்ஷன் பக்கமா, புதிய பஸ் ஸ்டாண்டு பக்கமா என்பதை மண்டபம் இருக்கும் இடம் தீர்மானிக்கட்டும். பாளையங்கோட்டை மண்டபத்துக்கு டவுனில் அறை போட்டால், ஆட்டோ பிடித்துக் கொடுக்கவே ஒரு சித்தப்பாவைத் தனியாக நியமிக்க வேண்டிவரும்.

மூன்றாவது, சுற்றிக்காட்டுவது. வேன் பிடித்துக் குற்றாலம் போய்வரலாம் என்று யாராவது ஆசை காட்டுவார். அதற்கு நான் முழு எதிர்ப்பு. திருநெல்வேலியிலிருந்து ஏறத்தாழ 60 கிலோமீட்டர். போகவே ஒன்றரை மணி நேரம். சாரல் காலத்து ஞாயிற்றுக்கிழமையில் ஐந்தருவியில் தலையைக் காட்டவே வரிசை. தண்ணீர் கூடினால் குளிக்கவே விடமாட்டார்கள். சாரல் இல்லாத மாதத்தில் பாறைதான் இருக்கும். எல்லாம் கூடிவந்தாலும், ஈரத்தலையோடு ஏழரைக்கு வந்து இறங்கும் கூட்டம் எட்டரைக்குத்தான் மேடைக்கு வரும். பாபநாசம் அகஸ்தியர் அருவிக்கும் இதே பதில்தான். வனத்துறைச் சோதனைச் சாவடி வேறு இருக்கிறது. அருவியை மறுநாளைக்கு ஒதுக்குங்கள். மறுவீட்டுச் சொதி விருந்துக்கு இருப்பவர்கள் விடியற்காலையிலேயே போய்க் குளித்துவிட்டு வந்து இலையில் உட்காரலாம். இந்த வரிசையை மாற்றிவிடக் கூடாது. தேங்காய்ப்பால் சொதியும் இஞ்சிப் பச்சடியும் உருளைக்கிழங்கு சிப்ஸும் உள்ளே போன மனிதரை அப்புறம் எந்த அருவிக்கும் கிளப்ப முடியாது.

ஊருக்குள்ளேயே சுற்றுவது வேறு விஷயம். ஆனால் மதியம் ஒரு மணிக்குக் கிளம்பாதீர்கள். நெல்லையப்பர் கோவிலும் சரி, திருச்செந்தூர் சாலையில் இருக்கும் கிருஷ்ணாபுரம் கோவிலும் சரி, நண்பகலில் நடை சாத்தினால் மாலை நாலு மணிவாக்கில்தான் திறக்கும். வைகாசி வெயிலில் பூட்டிய கதவுக்கு முன்னால் பட்டுச்சேலையோடு நிற்பது யாருக்கும் நல்லதல்ல. நாலு மணிக்குக் கிளம்பினால் எல்லாம் சரியாகப் பொருந்தும். நெல்லையப்பர் கோவிலில் இசைத்தூண்களையும் தாமிர சபையையும் பார்த்து, காந்திமதி அம்மனைக் கும்பிட்டு வெளியே வந்தால், கீழ ரத வீதியில் இருட்டுக்கடை திறக்கும் நேரம். வெளியூர்க்காரர் எப்படியும் அல்வா வாங்காமல் ரயிலேறப் போவதில்லை. ராகு காலம் என்று தயங்குபவர்களிடம் சாமி கும்பிட அது தடையில்லை என்று சொல்லலாம்; துர்க்கைக்கு விளக்குப் போட அந்த நேரத்தைத்தானே தேடிப் போகிறார்கள்! கோவிலில் பொறுமையிழக்கும் பிள்ளைகளுக்கு, கொக்கிரகுளத்தில் மாவட்ட அறிவியல் மையம் இருக்கிறது. அதற்கு மதியத்திலேயே போகலாம்.

ஆக, மாலை ரிசப்ஷன்தான் என்றால் என் ஓட்டு அறைக்கே. சாப்பிட்டதும் தூக்கம், நாலு மணிக்கு விருப்பமுள்ளவர்களுக்கு மட்டும் டவுனுக்கு ஒரு வேன். கட்டாயச் சுற்றுலா கூடவே கூடாது.

மாப்பிள்ளை, பெண்

அவர்கள் பகலைப் பறிக்கப் பார்ப்பவர் போட்டோகிராபர். ஆற்றங்கரை, வயல் என்று வெளிப்புறப் படம் கேட்பார். மேக்கப் போடுபவர் மூன்றரைக்கு வந்துவிடுவார் என்பதால், சாப்பாட்டுக்கும் அதற்கும் நடுவே கிடைப்பது இரண்டு மணி நேரம்தான். உச்சி வெயிலில் எடுக்கும் படத்தில் முகம் சுருங்கித்தான் விழும். வெளிப்புறப் படத்தை இன்னொரு காலைக்குத் தள்ளிவிட்டு, இரண்டு பேரையும் தனித்தனி அறையில் படுக்க வைத்து, செல்போனை அத்தை யாரிடமாவது கொடுத்துவிடுங்கள்.

ஞாயிறு ராத்திரி நெல்லை எக்ஸ்பிரஸில் கிளம்புகிறவர்களின் பட்டியலை மதியமே எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். அவர்களுக்கு ஆறு மணிக்கே முதல் பந்தி. மேடை வரிசையிலும் அவர்கள்தான் முதலில். ஜங்ஷன் போக ஒரு வண்டி மண்டப வாசலிலேயே நிற்கட்டும்; டிரைவர் சாப்பிட்டாரா என்றும் யாராவது கேட்டுக்கொள்ளுங்கள்.