சென்னை லைட் ஹவுஸ் மாடம்: மேலே ஏறுமுன் கோட்டைக்கு ஒரு நடை

மெரினா லைட் ஹவுஸின் ஒன்பதாவது மாடிக்கு லிஃப்டில் போய்விடலாம். பாதுகாப்புக் காரணங்களால் பல ஆண்டுகள் மூடிக் கிடந்து, 2013 நவம்பரில் மீண்டும் திறந்த மாடம் இது. கடற்கரை முழுக்க ஒரே வீச்சில் தெரியும். காட்சிக்குக் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் 1977-இல் ஏற்றிய இந்த விளக்கு சென்னைக்கு நான்காவது. முதலாவதைத் தெரிந்துகொள்ளாமல் மேலே ஏறினால் வேடிக்கை மட்டும்தான் மிஞ்சும். அதனால் காலையில் புனித ஜார்ஜ் கோட்டை அருங்காட்சியகம், மாலையில் மெரினா என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இன்றைய அருங்காட்சியகக் கட்டடம் அன்று வணிகர்கள் கூடிய எக்ஸ்சேஞ்ச். அதன் மொட்டை மாடியில்தான் 1796-இல் முதல் விளக்கு எரிந்தது. இன்று அதன் சுவடே இல்லை. எரிபொருள் தேங்காய் எண்ணெய். அதில்தான் சிக்கலே. சுமார் 24 டிகிரிக்குக் கீழே தேங்காய் எண்ணெய் உறையத் தொடங்கும். மார்கழியில் நம் வீட்டுப் பாட்டிலில் பார்ப்பதுதான். சுடர் படும் இடத்தில் உருகினாலும், தள்ளியிருக்கும் எண்ணெய் இறுகித் திரிக்கு ஏறாது. திரி கருகினால் புகை, புகை படிந்தால் கண்ணாடி மங்கல். 

இந்த விளக்கு 25 மைல் தெரிந்தது என்று எழுதுவார்கள். கணக்குப் போட்டுப் பாருங்கள். உயரம் 99 அடி, அதாவது 30 மீட்டர். மீட்டர் உயரத்தின் வர்க்கமூலத்தை 2.08-ஆல் பெருக்கினால் அடிவானத் தூரம் கடல் மைலில் வரும்: 11.4. கப்பல் தளத்தில் 5 மீட்டர் உயரத்தில் நிற்பவருக்கு இன்னும் 4.7 சேரும். மொத்தம் 16. பாய்மர உச்சியில் 30 மீட்டரில் இருப்பவருக்குத்தான் 23 கடல் மைல், சாதாரண மைலில் 26. அதுவும் சுடருக்கு அவ்வளவு பிரகாசம் இருந்தால். இன்றைய விளக்குக்குச் சொல்லும் 28 கடல் மைலும் ஒளியின் வலிமைக் கணக்குதான். தளத்தில் நிற்பவருக்குப் பூமியின் வளைவு அதற்கு முன்பே மறைத்துவிடும்.

1844-இல் உயர் நீதிமன்ற வளாகத்தில் இப்போதும் நிற்கும் கருங்கல் தூணுக்கு விளக்கு மாறியது. ஆர்கண்ட் விளக்குகளும் பிரதிபலிப்பான்களும் வந்தன: குழல் வடிவத் திரியின் நடுவிலும் காற்று ஏறுவதால் புகை குறைவு, வெளிச்சம் கடல்பக்கம் குவியும். 1894-இல் நீதிமன்றக் கோபுரத்துக்கே ஏறிவிட்டது.

தூணைக் கிட்டப் போய்ப் பார்க்க வளாகத்தில் அனுமதி கேட்க வேண்டும். விடுமுறை நாளில் நம்பிப் போகாதீர்கள். அருங்காட்சியகத்துக்கு வெள்ளி விடுமுறை, லைட் ஹவுஸுக்குத் திங்கள். கோட்டை வாசலில் சோதனை உண்டு, அடையாள அட்டை அவசியம். பறக்கும் ரயிலில் கோட்டையும் லைட் ஹவுஸும் ஒரே தடம். லைட் ஹவுஸ் நிலையத்திலிருந்து கொஞ்சம் நடக்க வேண்டும். மாடம் மதியம் மூடிவிடும். மூன்று மணிக்கு மேல் போவதே நல்லது, வெயில் முதுகுப்பக்கம் இருப்பதால் கடல் தெளிவாகத் தெரியும். கேமராவுக்குத் தனிக் கட்டணம். அருங்காட்சியகத்துக்கு ஒன்றரை மணி நேரமாவது ஒதுக்குங்கள்.