சாயா மாத்திரை: வாரம் ஒன்று போதும், கிழமையை மட்டும் மறக்காதீர்கள்

கன்னியாகுமரிப் பக்கம் சாயா என்றால் டீ. இது கருத்தடை மாத்திரை. லக்னோவின் மத்திய மருந்து ஆராய்ச்சி நிறுவனம் உருவாக்கிய ஆர்மெலாக்சிஃபென் என்ற மருந்து, 30 மி.கி. 1991 முதல் 'சஹேலி' என்ற பெயரில் கடைகளில் கிடைக்கிறது. அரசு ஆரம்ப சுகாதார நிலையங்களில் 'சாயா' என்று இலவசம்.

இதில் ஹார்மோன் கிடையாது. பாலூட்டும் தாய்மாரும் சாப்பிடலாம். தினமும் விழுங்கும் தொல்லையும் இல்லை.

குழப்பம் அட்டவணையில்தான். மாதவிடாயின் முதல் நாள் முதல் மாத்திரை. அது புதன் என்றால் அடுத்தது சனி. மூன்று மாதம் புதனும் சனியும். நான்காம் மாதம் முதல் புதன் மட்டும். இடையில் மாதவிடாய் எந்த நாளில் வந்தாலும் கிழமை மாறாது. பலர் தவறுவது இங்கேதான்: மாதவிடாய் வந்ததும் தினமும் விழுங்கும் மாத்திரையின் பழக்கத்தில் கணக்கைப் புதிதாகத் தொடங்கிவிடுகிறார்கள். காலண்டரில் வட்டம் போட்டு வையுங்கள்.

மறந்தால் நினைவு வந்ததும் சாப்பிட்டு, அடுத்த மாதவிடாய் வரை ஆணுறையும் பயன்படுத்த வேண்டும். ஏழு நாளுக்கு மேல் தாண்டினால் வாரம் இரண்டு என்று முதலிலிருந்து.

பெரிய குறை, தொடக்க மாதங்களில் சிலருக்கு மாதவிடாய் தள்ளிப்போவது. பயந்து நிறுத்திவிடுவதுதான் ஆபத்து. 15 நாள் தாண்டினால் கர்ப்பமா என்று சிறுநீர்ப் பரிசோதனை செய்யுங்கள். மஞ்சள் காமாலை, கல்லீரல் கோளாறு, சினைப்பை நீர்க்கட்டி உள்ளவர்களுக்கு இது வேண்டாம். பால்வினை நோயையும் தடுக்காது.