குயீனின் 'கிரேட்டஸ்ட் ஹிட்ஸ்': இசைத்தட்டா, வீடியோவா?

ரெக்கார்ட் பிளேயருக்குப் புது ஊசி போட்டிருக்கிறேன் என்று சொன்னதும் நண்பர் கேட்டார்: "குயீனின் கிரேட்டஸ்ட் ஹிட்ஸ் வாங்கலாமா? இசைத்தட்டா, வீடியோவா?" பிரிட்டன் ராக் இசைக்குழுவான குயீனின் புகழ்பெற்ற பாடல்களின் தொகுப்பு அது; இரண்டும் பல ஆண்டுகளாக என் வீட்டில் இருக்கின்றன.

1981இல் வந்த பிரிட்டன் பதிப்பில் 17 பாடல்கள், ஒரே எல்பி தட்டில். ஒரு பக்கத்தில் அரை மணி நேர இசையை அடைத்தால், ஊசி ஓடும் கோடுகளை நெருக்கித்தான் வெட்ட வேண்டும், ஒலி தாழ்ந்துவிடும். அதைப் பொறுத்துக்கொள்ளலாம், குமிழைச் சற்றுத் திருகினால் போதும். பொறுக்க முடியாதது பாடல்களை அடுக்கிய விதம். 'வீ வில் ராக் யூ', 'வீ ஆர் த சாம்பியன்ஸ்' இரண்டையும் இரண்டாம் பக்கத்தின் கடைசியில், லேபிளை ஒட்டித் தள்ளிவிட்டார்கள். தட்டு ஒரே வேகத்தில் சுழன்றாலும், உள்ளே போகப்போக ஒரு சுற்றின் நீளம் குறைகிறது; நுண்ணிய ஒலிகள் அங்கேதான் சிதையும். புது ஊசியிலும் குழுவின் பாடகர் ஃபிரெடி மெர்குரி 'சாம்பியன்ஸ்' என்று உச்சத்துக்கு ஏறும்போது கடைசி 'ஸ்' கரகரக்கிறது. 1977இன் 'நியூஸ் ஆஃப் த வேர்ல்ட்' தட்டில் இதே இரண்டு பாடல்கள்தாம் முதலில் வந்தன, விளிம்பில், தாராளமான இடத்தில். அரங்கமே எழுந்து பாடும் பாட்டை மூலையில் முடக்க எப்படி மனம் வந்தது?

1981இலேயே வந்த வீடியோ தொகுப்பான 'கிரேட்டஸ்ட் ஃப்ளிக்ஸ்'இல் இந்தத் தொல்லை கிடையாது. பனி மூடிய தோட்டத்தில் நின்று 'வீ வில் ராக் யூ'வை வாசிக்கிறார்கள். 1975இல் புரூஸ் கவர்ஸ் இயக்கிய 'பொஹீமியன் ராப்சடி'யை எத்தனை முறை பார்த்தாலும் அலுக்கவில்லை. பாட்டின் நடுவே வரும் ஆப்பரா பாணிப் பகுதியில் 'மக்னிஃபிகோ' என்ற குரல் எதிரொலிக்க, ஃபிரெடியின் முகமும் ஒன்றன்பின் ஒன்றாக விலகிப் போகிறது. கேமராவை அதன் படமே தெரியும் திரைக்கு நேராகத் திருப்பி எடுத்தது. கம்ப்யூட்டர் வேலை எதுவும் இல்லை.

இவ்வளவு சொன்ன பிறகும் நண்பருக்கு என் பதில் இசைத்தட்டுதான். நேற்று இரவு இரண்டாம் பக்கத்தில் 'சம்படி டு லவ்' வந்தது. குழுவின் ஃபிரெடி, பிரையன் மே, ராஜர் டெய்லர் ஆகிய மூவரும் தங்கள் குரல்களையே அடுக்கடுக்காகப் பதிந்து எழுப்பிய தேவாலயப் பாடகர் குழு அது. புது ஊசியில் ஒவ்வொரு குரலும் தனித்துக் கேட்டது. வீடியோவில் அந்தப் பாட்டு வரும்போது கண் முந்திக்கொள்கிறது, காது பின்தங்கிவிடுகிறது. தட்டையே வாங்குங்கள். கடைசி இரண்டு பாட்டுக்காக என்னிடம் புகார் சொல்லாதீர்கள். அந்தக் கோபம் எனக்கே இன்னும் ஆறவில்லை.